பாதிப் படி

பாரசீக மன்னர்களைப் பற்றிய புத்தகங்களாகவே சில வாரங்களாக வாசித்துக்கொண்டிருக்கிறேன். பண்டைய வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் சொல்வது கிரேக்கர் பக்கத்துக் கதை. மன்னன் டேரியஸோ தன் கதையைத் தானே பெஹிஸ்தூன் மலைப்பாறையில் மூன்று மொழிகளில் வெட்டிவைத்தான். அதுவும் அத்தனை உயரத்தில். கீழே நிற்பவர் ஓர் எழுத்தைக்கூட வாசிக்க முடியாது.

ஆனால் என்னை உலுக்கியது பாரசீகத் தலைநகர் பெர்செபொலிஸில் 1933-இல் கிடைத்த களிமண் பலகைகள். உள்ளங்கைக்குள் அடங்கும் அளவு. டேரியஸ் காலத்துக் கணக்கெழுத்து, பெரும்பாலும் எலாமிய மொழியில்: யாருக்கு எவ்வளவு தானியம், எவ்வளவு மது என்று. பிள்ளை பெற்ற வேலைக்காரப் பெண்களுக்குத் தனிப் படி உண்டு. ஆண் குழந்தை என்றால், பெண் குழந்தைக்குக் கொடுப்பதைப் போல இரண்டு மடங்கு!

அந்த இடத்தில் புத்தகத்தை மடியில் கவிழ்த்துவிட்டேன். பச்சை உடம்போடு வந்து நின்று பாதிப் படி வாங்கிப்போன அந்தத் தாய்க்கு மனசு எப்படி இருந்திருக்கும்? 2,500 வருடம் ஆகிவிட்டது, எனக்கு இன்னும் ஆறவில்லை.

இந்தப் பலகைகளையும் சேர்த்துவைத்து அந்தப் பேரரசை எழுதியவர் பிரெஞ்சு வரலாற்றாசிரியர் பியர் பிரியான். 1996-இல் வந்த நூல். தடிமனைப் பார்த்துப் பயப்படாதீர்கள். கூலி, சாலை, வரி பற்றிய பக்கங்களிலிருந்து தொடங்குங்கள். போர்களை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.