வெட்டுப்பட்ட வரி

ஒரு திங்கட்கிழமை காலை. கோர்ட்டுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தேன். வாசலில் இரண்டு பேர் நின்றார்கள். ஒருவர் எனக்கு முன்பே பழக்கமான அச்சகக்காரர். மற்றவர் எழுபதைத் தாண்டிய ஓய்வுபெற்ற புவியியல் ஆசிரியர். அவர் கையிலிருந்த மஞ்சள் பையில் அவர் எழுதிய புத்தகம் ஒன்றும், எஃப்.ஐ.ஆர். நகல் ஒன்றும் இருந்தன.

“தம்பி, முப்பத்தஞ்சு வருஷம் பிள்ளைகளுக்கு இந்தியா மேப் வரையக் கத்துக்கொடுத்தவன் நான். நாட்டோட எல்லையையே சந்தேகப்பட்டேன்னு என் மேல கேஸ் போட்டிருக்காங்க” என்றார். அதற்கு மேல் அவரால் பேச முடியவில்லை. உள்ளே அழைத்து உட்கார வைத்து, தண்ணீர் கொடுத்துவிட்டு எஃப்.ஐ.ஆரைப் படித்தேன்.

1961ஆம் ஆண்டின் குற்றவியல் சட்டத் திருத்தச் சட்டம், பிரிவு 2. என் அனுபவத்தில் அதுவரை நான் ஒரு முறைகூடத் தொடாத சட்டம். அதன் முதல் உட்பிரிவு, நாட்டின் பாதுகாப்புக்குக் கேடு வரும் விதத்தில் இந்தியாவின் நில ஒருமைப்பாட்டையோ எல்லையையோ கேள்விக்குள்ளாக்குவதற்கு மூன்றாண்டு வரை சிறை என்கிறது. 1990இல் சேர்க்கப்பட்ட இரண்டாம் உட்பிரிவு, இந்திய நில அளவைத் துறையின் வரைபடத்தோடு பொருந்தாத இந்திய வரைபடத்தை வெளியிட்டால் ஆறு மாதம் வரை சிறை என்கிறது. இரண்டையும் போட்டிருந்தார்கள். அச்சகக்காரர் முதல் எதிரி, ஆசிரியர் இரண்டாம் எதிரி. பைண்டிங் முடிந்து அடுக்கி வைத்திருந்த புத்தகக் கட்டுகள் எல்லாம் காவல் நிலையத்துக்குப் போய்விட்டன.

முதலில் முன்ஜாமீன் வாங்கினோம். அது பெரிய சிரமமாக இல்லை. அதன் பிறகுதான் புத்தகத்தைக் கையில் எடுத்தேன். இரவு பத்து மணிக்கு ஆரம்பித்தவன், முடித்துவிட்டு நிமிர்ந்தபோது பால்காரர் மணியடித்தார்.

பாமீர், காரகோரம், திபெத் ஆகிய மலைப் பகுதிகளுக்குள் பத்தொன்பதாம் நூற்றாண்டில் போனவர்களின் கதை அது. தொடக்கம் மட்டும் பரங்கிமலை. 1802 ஏப்ரலில் வில்லியம் லாம்டன் அங்கே அளக்கத் தொடங்கிய அடிக்கோடுதான் பிறகு முக்கோணம் முக்கோணமாக வடக்கே வளர்ந்து இமயமலை வரை போனது. இமயத்துக்கு அப்பால் வெள்ளைக்காரர்கள் போக முடியவில்லை. திபெத் அவர்களை உள்ளே விடவில்லை. அதனால் கேப்டன் மான்ட்கோமெரி குமாவுன் மலைக்காரர்களை டேராடூனில் பழக்கி அனுப்பினார். மிலாம் கிராமத்துப் பள்ளி ஆசிரியர் நைன் சிங் அவர்களில் ஒருவர். ஒவ்வோர் அடியும் ஒரே நீளத்தில் விழும்படி நடக்கப் பழகினார். 2000 அடிவைப்புக்கு ஒரு மைல். கையில் ஜெபமாலை. 108 மணி இருக்க வேண்டிய மாலையில் 100 மணிதான். நூறு அடிக்கு ஒரு மணி தள்ளினால், ஒரு சுற்று முடியும்போது ஐந்து மைல் ஆகியிருக்கும். பிரார்த்தனைச் சக்கரத்துக்குள் மந்திரச் சுருளுக்குப் பதிலாகக் குறிப்புத் தாள்கள். 1866 ஜனவரியில் லாசா போய்ச் சேர்ந்தார். ஏறக்குறைய 1200 மைலை இப்படி எண்ணி எண்ணியே நடந்த மனிதர். 1877இல் லண்டன் ராயல் ஜியாக்ரஃபிகல் சொசைட்டி அவருக்குத் தங்கப் பதக்கம் அளித்தது. இந்தப் பகுதியை நம் ஆசிரியர் தன் சக ஆசிரியரைப் பற்றி எழுதுவதுபோல் எழுதியிருந்தார்.

வழக்குக்குக் காரணமான அத்தியாயம் அடுத்தது. 1891 ஆகஸ்டில் பாமீரில் போஜாய் கும்பாஸ் என்ற இடத்தில் பிரிட்டிஷ் அதிகாரி யங்ஹஸ்பண்ட் கூடாரம் அடித்திருக்கிறார். கர்னல் யோனோவ் தலைமையில் ரஷ்யக் குதிரைப்படை வருகிறது. இருவரும் சேர்ந்து விருந்து சாப்பிடுகிறார்கள். யோனோவ் காட்டிய வரைபடத்தில் பாமீரின் பெரும்பகுதி ரஷ்யாவின் நிறத்தில் இருக்கிறது. சில நாளில் அதே யோனோவ் இரவில் திரும்பி வந்து, ‘இது ரஷ்ய மண், நீங்கள் வெளியேற வேண்டும்’ என்கிறார். யங்ஹஸ்பண்ட் எழுதிக் கொடுத்துவிட்டுப் புறப்படுகிறார். லண்டன் கண்டித்தது, ரஷ்யா மன்னிப்புக் கேட்டது. 1895இல் இரண்டு பேரரசுகளும் உட்கார்ந்து பேசி, நடுவே வாகான் என்ற பள்ளத்தாக்கை ஆப்கானிஸ்தானுக்கு ஒதுக்கின. ரஷ்யாவும் பிரிட்டிஷ் இந்தியாவும் ஒன்றையொன்று தொடாதிருக்க வேண்டும் என்பதே நோக்கம். குறுகலான இடத்தில் அதன் அகலம் சுமார் 15 கிலோமீட்டர். அங்கே ஆடு மேய்த்த கிர்கிஸ்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை என்று ஆசிரியர் எழுதியிருந்தார். அந்த வரியை அடிக்கோடிட்டு வைத்தேன்.

ரஷ்யாவைப் பற்றிய இதே பயத்தில்தான் காஷ்மீரின் வடகிழக்கு எல்லையும் நகர்ந்துகொண்டே இருந்தது என்பது அவர் வாதம். 1865இல் நில அளவைத் துறை ஊழியர் ஜான்சன் கோட்டான் வரை போய்த் திரும்பி வரைந்த வரைபடம், அக்சாய் சின் முழுவதையும் காஷ்மீருக்குள் காட்டியது. பிற்பாடு அவர் காஷ்மீர் மகாராஜாவிடமே வேலைக்குச் சேர்ந்து லடாக்கின் வசீர் ஆனார். 1897இல் ராணுவ உளவுத் துறைத் தலைவர் ஆர்டா, சீனா பலவீனமாக இருக்கிறது, ரஷ்யா வந்துவிடும், ஆகவே எல்லையைக் குன்லுன் மலை வரை தள்ளுங்கள் என்றார். இரண்டே வருடத்தில், 1899 மார்ச்சில், பீக்கிங்கில் இருந்த பிரிட்டிஷ் தூதர் மெக்டொனால்ட் சீனாவிடம் வேறொரு கோட்டை முன்வைத்தார். அதில் அக்சாய் சின்னின் பெரும்பகுதி சீனப் பக்கம் போனது. சீனா அதற்குப் பதிலே சொல்லவில்லை. மலை இருந்த இடத்திலேயே இருந்தது. லண்டனிலும் சிம்லாவிலும் ரஷ்யாவைப் பற்றிய கணக்கு மாறிக்கொண்டிருந்தது.

இதை விளக்க அவர் பிரிட்டிஷ் காலத்து இந்தியப் பேரரசு வரைபடம் ஒன்றை எடுத்தார். காஷ்மீரின் வடகிழக்கு மூலையில் கோடே இல்லாமல் வெறுமையாக விட்டிருந்த வரைபடம் அது. அதன் மேல் சிவப்பு மையில் இரண்டு கோடுகளை வரைந்து, ஒன்று 1865, மற்றொன்று 1899 என்று கீழே குறிப்பு எழுதினார். ‘இவை பேரரசுகளின் கோடுகள், இன்றைய இந்திய எல்லை அல்ல’ என்றும் சேர்த்திருந்தார்.

அச்சான புத்தகத்தில் அந்தக் குறிப்பு இல்லை. பார்மா மடித்துக் கட்டிங் மெஷினில் ஏற்றியபோது, பக்கத்தின் அடி ஓரம் அரை அங்குலம் கூடுதலாகப் போய்விட்டது. ஆண்டும் விளக்கமும் வெட்டுப்பட்ட காகிதத்தோடு குப்பைக்குப் போயின. படத்தை மட்டும் பார்ப்பவருக்கு, இந்தியாவின் தலைப்பகுதியில் யாரோ இரண்டு சிவப்புக் கோடு போட்டிருப்பதாகத்தான் தெரியும். ஒரு வாசகர் புகார் எழுதியதில் தவறில்லை என்றே இன்றும் நினைக்கிறேன்.

உயர் நீதிமன்றத்தில், குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 482ஆம் பிரிவில், எஃப்.ஐ.ஆரை ரத்து செய்யக் கோரி மனு போட்டோம். சட்டப்படி எனக்குத் தெளிவான வழி ஒன்று இருந்தது. வரைபடக் குற்றத்துக்கு அரசாங்கமே புகார் கொடுத்தால் ஒழிய எந்த நீதிமன்றமும் அதை விசாரணைக்கு எடுக்கக் கூடாது என்று அந்தப் பிரிவின் மூன்றாம் உட்பிரிவு சொல்கிறது. இங்கே புகார்தாரர் ஒரு தனிநபர். கூடுதல் அரசு வழக்கறிஞர் இதற்குத் தயாராக வந்திருந்தார். போலீஸ் விசாரித்து, பிடியாணையில்லாமல் கைது செய்ய முடியாத குற்றம் என்று கண்டால், அந்த அறிக்கையே புகாராகக் கருதப்படும் என்று நடைமுறைச் சட்டத்தின் 2(டி) விளக்கம் சொல்கிறதே என்றார். சரியான கேள்வி. அப்படியே வைத்துக்கொண்டாலும் புகார்தாரர் ஆவது அந்தக் காவல் அதிகாரிதானே, அரசாங்கம் அல்லவே என்று பதில் சொன்னேன். எல்லை போன்ற விஷயத்தில் வழக்குத் தொடுப்பதா வேண்டாமா என்று அரசு யோசித்து முடிவெடுக்கட்டும் என்பதற்காகத்தானே நாடாளுமன்றம் இந்தத் தடையை வைத்தது?

ஆனால் மூன்றாண்டுக் குற்றத்துக்கு இந்தத் தடை இல்லை. உண்மையான சண்டை அங்கேதான். அரசு வழக்கறிஞர் சர்வதேச நீதிமன்றத்தின் 1962ஆம் ஆண்டு பிரியா விஹார் கோயில் தீர்ப்பை எடுத்து வைத்தார். டாங்ரெக் மலையில் சயாமுக்கும் பிரெஞ்சு இந்தோசீனாவுக்கும் நடுவே பிரெஞ்சு அதிகாரிகள் வரைந்த வரைபடத்தைச் சயாம் பல வருடம் மறுக்காமல் இருந்தது. அந்த மௌனத்தாலேயே கோயில் கம்போடியாவுக்குப் போனது. ஆகவே ஒரு நாடு தன் வரைபடத்தில் கண்ணாக இருக்க வேண்டும் என்றார். அவர் கவலை நியாயமானது. அதை நான் மறுக்கவில்லை. அங்கே மௌனமாக இருந்தது ஓர் அரசாங்கம், இங்கே எழுதியிருப்பது ஓய்வூதியம் வாங்கும் ஓர் ஆசிரியர், இவர் எழுத்து இந்திய அரசைக் கட்டுப்படுத்தாது என்றேன். புர்கினா ஃபாசோ – மாலி வழக்கில் 1986இல் அதே நீதிமன்றம், வரைபடம் தன்னளவில் நில உரிமை ஆவணம் ஆகாது, அது தகவல்தான் என்று சொன்னதையும் காட்டினேன். நம் சமஸ்தானங்கள் அமைச்சகம் 1950இல் வெளியிட்ட வெள்ளை அறிக்கையின் வரைபடத்திலேயே அந்த மூலை வரையறுக்கப்படாத எல்லை என்றுதான் இருந்தது. 1954 முதல்தான் அரசு வரைபடத்தில் திட்டமான கோடு வந்தது. பழைய வரைபடத்தைக் காட்டுவதே குற்றம் என்றால் அந்த வெள்ளை அறிக்கையை எந்த நூலகத்தில் வைப்பது என்று கேட்டேன்.

நீதியரசர் எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டார். பிறகு புத்தகத்தைப் பிரித்து அந்தப் பக்கத்தை என் பக்கம் திருப்பினார்.

“இதில் ஆண்டு எங்கே?”

அவர் கேட்டது அந்த ஒன்றுதான். வழக்கின் உயிரும் அதுதான். வெட்டுப்பட்டுவிட்டது என்று நான் வாயால் சொன்னால் போதாது. ரத்து மனுவில் எதிரி தரப்பு கொண்டுவரும் ஆவணங்களைப் பொதுவாகப் பார்க்கவும் மாட்டார்கள். முந்தின நாள் மாலை என் ஜூனியர் பெண் பறிமுதல் மகஜரை மூன்றாவது முறையாகப் படித்துக்கொண்டிருந்தவள், “சார், ஒன்பதாவது அயிட்டத்தைப் பாருங்க” என்றாள். ‘திருத்தம் செய்யப்பட்ட அச்சுத் தாள்கள், ஒரு கட்டு’ என்றிருந்தது. அச்சகத்திலிருந்து போலீஸாரே அள்ளிக்கொண்டு போன ப்ரூஃப்! அதைக் கோர்ட்டுக்கு வரவழைக்கக் கேட்டுக்கொண்டோம். பிற்பகல் அமர்வில் வந்தது. கட்டைப் பிரித்ததும் ஆசிரியர் கையெழுத்தில் திருத்தங்களோடு அந்தப் பக்கம் இருந்தது. கீழே 1865, 1899, ‘இன்றைய இந்திய எல்லை அல்ல’ என்ற வரி, எல்லாம் முழுதாக இருந்தன. அரசுத் தரப்பின் ஆவணமே எங்கள் சாட்சியானது. கூடுதல் அரசு வழக்கறிஞர் அதைப் படித்துப் பார்த்துவிட்டு, முதல் உட்பிரிவை வற்புறுத்தவில்லை என்று நேர்மையாகச் சொன்னார். அவருக்கு நான் இன்றும் நன்றியுடையவன்.

எஃப்.ஐ.ஆர். ரத்தானது. புத்தகங்களைத் திருப்பிக் கொடுக்க உத்தரவானது. விடுபட்ட குறிப்பை ஒவ்வொரு பிரதியிலும் ஒட்டிய பிறகே விற்போம் என்று நாங்கள் தந்த உறுதிமொழி உத்தரவில் பதிவானது. அச்சகத்தின் மாடியில் பாய் விரித்து, பசை வாளியோடு உட்கார்ந்து, அத்தனை பிரதிகளிலும் ஆசிரியரே ஒட்டினார். ஆள் வைத்துக்கொள்ளலாமே என்று கேட்டதற்கு, “கோணலா ஒட்டிடுவாங்க தம்பி” என்றார்.

சட்டம் இன்றும் அப்படியே இருக்கிறது. ரத்து மனு மட்டும் இப்போது புதிய நடைமுறைச் சட்டத்தின் 528ஆம் பிரிவில் போக வேண்டும். வரலாறு எழுதுகிறவர்களையும் அச்சிடுகிறவர்களையும் கேட்டுக்கொள்கிறேன்: பழைய வரைபடத்தைப் போடுங்கள், பயந்து விட்டுவிடாதீர்கள். அது வரையப்பட்ட ஆண்டையும் வரைந்தவர் யார் என்பதையும் படத்தின் ஓரத்தில் அல்ல, படத்துக்குள்ளேயே அச்சிடுங்கள். திருத்திய ப்ரூஃபைத் தூக்கிப் போடாதீர்கள்.