இன்னொரு வழியும் இருந்தது

1987 தீபாவளிக்கு ‘நாயகன்’ திரைக்கு வந்தபோது அதன் கதைக்கு வித்தான பம்பாய்த் தாதா வரதராஜ முதலியார் உயிரோடுதான் இருந்தார். பம்பாயை விட்டுச் சென்னைக்கு வந்து சேர்ந்திருந்தார். படத்தின் நாயகன் வேலு நாயக்கர் குண்டடிபட்டுச் சாகிறார். முதலியார் 1988 ஜனவரியில் மாரடைப்பில் இறந்தார். உடலை பம்பாய்க்கே எடுத்துச் சென்றார்கள். கதையும் கதைக்கு வித்தான ஆளும் இத்தனை நெருக்கத்தில் நடமாடிய ஊர் தமிழருக்கு வேறொன்று இல்லை. குற்றக் கதைகள் ஏன் மனிதரைக் கட்டிப்போடுகின்றன என்று கேட்பவர் முதலியாரின் மாட்டுங்காவிலிருந்தே தொடங்கலாம்.

முதலியார் தூத்துக்குடியில் பிறந்தவர். பம்பாய்க்கு வந்து விக்டோரியா டெர்மினஸில் மூட்டை தூக்கினார். 1949-இல் பம்பாய் மதுவிலக்குச் சட்டம் வந்தது. குடித்தவர்கள் குடிப்பதை நிறுத்தவில்லை. சரக்கு காய்ச்சும் இடம்தான் மாறியது. தாராவியின் சேற்று நிலம், ஆன்டாப் ஹில், சயான் கோலிவாடா என்று போலீஸ் எளிதில் நுழைய முடியாத சந்துகளில் அடுப்பு எரிந்தது. அந்தச் சரக்கு நகரெங்கும் போய்ச் சேர்ந்த பாதைகளின் மேல்தான் முதலியாரின் செல்வாக்கு எழுந்தது. பின்னாளில் மாட்டுங்கா ரயில் நிலையத்துக்கு வெளியே அவர் போட்ட கணபதிப் பந்தலைப் பார்க்க ஊரே திரண்டது. வீட்டு வழக்கு, கடன் தகராறு, குடும்பச் சண்டை என்று அவர் வாசலில் வந்து நின்றவர்கள் ஏராளம். போலீஸ் நிலையத்தில் தங்கள் மொழியில் பேச ஆள் இல்லாதவர்களுக்கு அந்த வாசல்தான் நீதிமன்றமாக இருந்தது. 1980களில் ஒய்.சி. பவார் என்ற காவல் அதிகாரி நெருக்கியபோது அந்தச் செல்வாக்கு கலைந்தது.

இந்த வாழ்க்கையில் கேட்பவரை இழுத்து நிறுத்தும் இடம் எது? பந்தலோ பணமோ அடிதடியோ அல்ல. மூட்டை தூக்கிய ஒருவர் முதன்முதலாகச் சாராயத் தொழிலைத் தொட்ட நாள்தான் அந்த இடம். அந்த நாள் எது என்று நமக்குத் தெரியாது. ஆனால் கதை கேட்கிற எல்லாரும் மனத்தில் அந்த நாளைத்தான் தேடுகிறார்கள். அதே நடைமேடையில் அதே கூலிக்குத் தூக்கிய எத்தனையோ பேர் கடைசிவரை மூட்டைதான் தூக்கினார்கள். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து தாராவியின் தோல் பதனிடும் கூடங்களுக்கு வந்தவர்கள், சுண்ணாம்புத் தொட்டியில் கை வெந்து பிள்ளைகளைப் படிக்க வைத்தார்கள். வேறு வழி இருந்தது என்பது வாசகருக்குத் தெரியும். அந்த ஆளுக்கும் தெரியும். தெரிந்தே வழி மாறிய ஒரு மனிதனைத்தான் நல்ல குற்றக் கதை பின்தொடர்கிறது. ‘இப்போதுகூடத் திரும்பிவிடலாமே’ என்று வாசகர் பக்கத்துக்குப் பக்கம் மனத்துக்குள் சொல்லிக்கொண்டே போகிறார். அவன் திரும்புவதில்லை. புத்தகத்தைக் கீழே வைக்க விடாத பதற்றம் அங்கேதான் பிறக்கிறது.

செம்பூரில் இது இன்னும் துலக்கமாகத் தெரியும். திலக் நகரின் ராஜேந்திர நிகால்ஜே, சஹகார் திரையரங்க வாசலில் பிளாக்கில் டிக்கெட் விற்றவர். பின்னர் சோட்டா ராஜன் என்ற நிழலுலகத் தாதா ஆனார். அந்த வாசலிலிருந்து சற்றுத் தள்ளிப் போனால் ட்ராம்பே: பாபா அணு ஆராய்ச்சி மையம், எண்ணெய் சுத்திகரிப்பு ஆலைகள், உரத் தொழிற்சாலை. காலை ஷிப்டுக்குச் சாப்பாட்டு டப்பாவோடு பஸ் ஏறியவர்களும், மாலைக் காட்சிக்கு டிக்கெட் கட்டோடு நின்றவனும் ஒரே வட்டாரத்து மனிதர்கள். இந்த அண்மைதான் மும்பைக் குற்றக் கதையின் உயிர். குற்றவாளி எங்கோ ஒரு மாளிகையில் பூனையைத் தடவிக்கொண்டு உட்கார்ந்திருந்தால் வாசகருக்கு அவனோடு உறவில்லை. தன்னோடு ஒரே குழாயடியில் நின்றவன் என்றால் மூச்சு ஒரு கணம் நிற்கும்.

நாவலாசிரியர் விக்ரம் சந்திரா இதை நன்றாக உணர்ந்தவர். 2006-இல் வெளிவந்த அவருடைய ‘சேக்ரட் கேம்ஸ்’ தொள்ளாயிரம் பக்க அளவிலான நாவல். அதன் தாதா கணேஷ் கைதோண்டே தொடக்கத்திலேயே செத்துவிடுகிறான். யார் செத்தது, எப்படிச் செத்தது என்ற கேள்விகளுக்கு நாவல் பதிலை முன்கூட்டியே கொடுத்துவிடுகிறது. அப்படியும் வாசகர் மிச்சமிருக்கும் நூற்றுக்கணக்கான பக்கங்களையும் படிக்கிறார். இவன் எங்கிருந்து எப்படி இங்கே வந்து சேர்ந்தான் என்று தெரிந்தாக வேண்டும். துப்பறியும் சர்தாஜ் சிங்கும் வீரதீரன் அல்ல. மணவாழ்க்கை முறிந்து, வயது கூடிக்கொண்டிருக்கும் ஓர் இன்ஸ்பெக்டர். மேலதிகாரிகளின் கணக்குவழக்குகளுக்குள் அவனும் நின்றாக வேண்டும். கைதோண்டே கடந்துபோன அதே பிரிபாதை சர்தாஜின் முன்னாலும் ஒவ்வொரு நாளும் கிடக்கிறது. தாதாவும் போலீஸும் ஒரே கேள்விக்கு இரண்டு விடைகள் என்பதால்தான் அந்த நாவல் நிற்கிறது.

இதற்கு நேர் எதிரான ஒரு நிஜம் மும்பையிலேயே உண்டு. 1960களின் நடுவில் ரயில் பாதையோரக் குடிசைகளிலும் நடைபாதைகளிலும் தூங்கியவர்களின் தலையை நசுக்கிக் கொன்றான் ஒருவன். 1968-இல் வடபுறநகர்களில் மறுபடியும் கொலைகள். அந்த ஆண்டு ராமன் ராகவ் பிடிபட்டான். விசாரணையை நடத்தியவர் குற்றப்பிரிவின் ரமாகாந்த் குல்கர்னி. தூக்குத் தண்டனை விதிக்கப்பட்டு, மனநோய் காரணமாக அது ஆயுள் தண்டனையாக மாறியது. 1995-இல் ராமன் ராகவ் இறந்தான்.

ஒரு த்ரில்லருக்கு வேண்டிய பயம் அத்தனையும் இங்கே இருக்கிறது. ஆனால் நாவலுக்கான மனிதன் இல்லை. நோயின் குரலுக்குக் கீழ்ப்பட்டு நடந்தவனுக்கு முன்னால் பிரியும் பாதை கிடையாது. அவனைப் பார்த்து நடுங்கலாம், அவனுக்காகப் பதற முடியாது. 2016-இல் அனுராக் காஷ்யப் ‘ராமன் ராகவ் 2.0’ எடுத்தபோது, கொலைகாரனை மட்டும் வைத்துக்கொண்டு கதை நகர்த்தவில்லை. ராகவன் என்ற போலீஸ் அதிகாரியை எதிரே நிறுத்தினார். போதைக்கு அடிமையாகிச் சரிந்துகொண்டிருக்கும் அவனுக்கு நிமிர ஒவ்வொரு முறையும் வாய்ப்பு இருக்கிறது, ஒவ்வொரு முறையும் தவற விடுகிறான். படம் பார்ப்பவரின் நெஞ்சு அடித்துக்கொள்வது அவனைப் பார்த்துத்தான்.

துப்பறிபவருக்கும் இழக்க ஏதாவது இருக்க வேண்டும். ஆங்கில எழுத்தாளர் எச்.ஆர்.எஃப். கீட்டிங், பம்பாயைக் கண்ணால் பார்ப்பதற்குப் பல ஆண்டுகள் முன்பே, 1964-இல் இன்ஸ்பெக்டர் கோட்டேயைப் படைத்தார். தெருவின் மணமும் பேச்சும் சில இடங்களில் பிசகினாலும் கோட்டே பிசகவில்லை. மேலதிகாரியின் ஏச்சுக்கு அஞ்சுபவர், பணக்காரர் வீட்டு வரவேற்பறையில் குன்றிப் போகிறவர். முதல் நாவலில் ஒரு பார்சிச் செயலாளர் தாக்கப்பட்ட வழக்கோடு, அமைச்சரின் மேசையிலிருந்து காணாமல் போன ஒரு ரூபாயையும் அவர் தேட வேண்டியிருக்கிறது. வேலை போய்விடுமோ என்ற அவருடைய கலக்கம் வாசகரைத் தொற்றிக்கொள்கிறது. இந்த வழக்கை அவர் எளிதாகக் கைகழுவிவிடலாம். கைகழுவ மாட்டேன் என்று அந்தப் பயந்த மனிதர் நிற்கும்போது அவர் எந்தச் சூராதி சூரனையும் விடப் பெரியவராகிவிடுகிறார்.

தமிழுக்கு வந்தால், மாட்டுங்கா ஸ்டேஷன் பக்கத்துக் கடைகளில் தமிழ் வார இதழ்களோடு மாத நாவல்களும் தொங்கிய காலம் ஒன்று உண்டு. சால் எனப்படும் வரிசை வீட்டுத் திண்ணையில் ஒரு பிரதி நாலைந்து கை மாறும். சுஜாதா 1968-இல் குமுதத்தில் ‘நைலான் கயிறு’ எழுதியதிலிருந்து வக்கீல் கணேஷ் தமிழ் வாசகரின் வீட்டு மனிதராகிப் போனார். பின்னால் வஸந்த் சேர்ந்துகொண்டான். பட்டுக்கோட்டை பிரபாகரின் பரத்–சுசீலா, சுபாவின் நரேந்திரன்–வைஜெயந்தி என்று ஜோடிகள் பெருகின. ஆயிரத்து ஐந்நூறு நாவல்களைத் தாண்டிய ராஜேஷ்குமாரின் கைவண்ணம் தனி. ஓர் அத்தியாயம் ஒரு கதை, அடுத்த அத்தியாயம் அதற்குச் சம்பந்தமே இல்லாத இன்னொரு கதை. இரண்டும் எங்கே முட்டிக்கொள்ளும் என்று காத்திருப்பதே வாசகரின் வேலை. ரயிலில் பதினைந்து நிமிடப் பயணத்துக்குள் படித்து நிறுத்த வேண்டியவருக்கு இந்த வெட்டு மிகப் பொருத்தம். தொழில்திறனில் இவற்றுக்கு யாரும் குறை சொல்ல முடியாது. ஆனாலும் இவற்றில் பலவற்றின் குற்றவாளி கடைசி அத்தியாயத்தில் பேசித் தீர்த்துவிட்டு மறைந்துபோகிறான், பெயர்கூட நினைவில் தங்குவதில்லை. கணேஷும் வஸந்தும் தங்குகிறார்கள். புதிர் அவிழ்ந்ததும் தீர்ந்துபோகிறது. மனிதர்கள் மட்டும் மறுவாசிப்புக்கு மிஞ்சுகிறார்கள்.

மும்பையில் இந்தக் கதைகளைத் திரட்டியவர்கள் விலையும் கொடுத்திருக்கிறார்கள். நிழலுலகைப் பற்றிச் செய்தியும் புத்தகமும் எழுதிய பத்திரிகையாளர் ஜே. டே, 2011 ஜூன் 11 அன்று பவாயில் மோட்டார் சைக்கிளில் போகும்போது சுட்டுக் கொல்லப்பட்டார். அந்த வழக்கில் 2018-இல் சோட்டா ராஜனுக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. கதைக்குள் கவர்ச்சியாகத் தெரியும் ‘பாய்’ என்ற தாதா, நிஜத்தில் தன்னைப் பற்றி எழுதிய ஒருவரைக் கொல்லச் சொன்னவன். த்ரில்லர் எழுதுபவர்களும் படிப்பவர்களும் இதைக் கொஞ்சம் நெஞ்சில் வைத்திருப்பது நல்லது.

தாதாவை மையத்தில் நிறுத்தும் கதைகளில் ஒரு பெரிய ஓட்டை இருக்கிறது. அவன் காய்ச்சிய சாராயத்தைக் குடித்தவரின் வீட்டில் அடுப்பு எரிந்ததா என்று அவை கேட்பதில்லை. ஹஃப்தா என்ற மாமூலைக் கொடுத்த இட்லிக் கடைக்காரர் இரண்டு வரி வசனத்தோடு வெளியேறுகிறார். சுபாரி என்ற கொலைக்கூலி வாங்கிச் சுட்டவனுக்குப் பின்கதை இருக்கிறது, சுடப்பட்டவனுக்கு இல்லை. தாராவியின் பெயரைச் சொன்னாலே வேலை தர யோசிக்கும் முதலாளிகளை இன்றும் அங்கிருந்து போகும் பிள்ளைகள் சந்திக்கிறார்கள். அதில் திரையும் நாவலும் கட்டிய பிம்பத்துக்கும் பங்கு உண்டு. தோல் பை தைக்கிற, முறுக்கும் அப்பளமும் போட்டு விற்கிற, மண்பாண்டம் வனைகிற தாராவி அந்தப் பிம்பத்தில் பின்திரையாகக்கூட வருவதில்லை.

இந்த ஓட்டையை அடைத்த தமிழ் எழுத்து ஒன்று மும்பையிலேயே பிறந்திருக்கிறது. பல பத்தாண்டுகளாக அந்த நகரில் வாழ்பவர் எழுத்தாளர் அம்பை. அவருடைய ‘அந்தேரி மேம்பாலத்தில் ஒரு சந்திப்பு’ 2014-இல் வந்தது. தனியார் துப்பறிவாளர் சுதா குப்தா அதில் வருகிறார். துப்பாக்கி வீரர் அல்லர். கணவர், மகள், சமையலறை, வீட்டில் உதவிக்கு இருக்கும் ஸ்டெல்லாவின் கூர்மையான விமர்சனங்கள், இவற்றுக்கு நடுவே வழக்குகள். காவல்துறையில் கோவிந்த் ஷெல்கே என்ற நண்பர் இருக்கிறார். கட்டிப்போடும் கதைதான். ஆனால் அதில் துரத்தலைவிடக் கேட்பது அதிகம். காணாமல் போனவர் யார், அவருக்கு என்ன பிடிக்கும், வீட்டில் யாரோடு மனம்விட்டுப் பேசுவார் என்று சுதா விசாரிக்கிறார். பாதிக்கப்பட்டவர் பெயரும் முகமும் ஆசைகளும் உள்ள மனிதராகப் பக்கத்தில் எழுந்து வருகிறார். குற்றம் செய்தவருக்கு மட்டுமல்ல, அதற்கு இரையானவருக்கும் வாழ வேறு வழிகள் இருந்தன, அவற்றை யாரோ அடைத்தார்கள் என்பது அப்போதுதான் உறைக்கிறது.

வரதராஜ முதலியாரின் பம்பாயை இந்தக் கண்ணால் பார்த்து எழுதிய நாவல் தமிழில் வர வேண்டும். அதற்கான ஆட்கள் மாட்டுங்காவிலும் தாராவியிலும் செம்பூரிலும் இன்னும் இருக்கிறார்கள். இரவில் சாராயக் கேன் சுமந்த பெண்கள், பந்தலுக்கு நன்கொடை கேட்டு வந்தவர்களிடம் மறுக்க முடியாத கடைக்காரர்கள், அண்ணன் ஒரு பக்கமும் தம்பி மறு பக்கமும் போன குடும்பங்கள். வயதாகிவிட்டது, ஆனால் கேட்டால் சொல்வார்கள். அவர்களிடம் போய் உட்கார்ந்து கேட்க ஓர் எழுத்தாளர் இப்போதே கிளம்ப வேண்டும்.