ஒரே பக்கத்தில் ஐவர்

ஜப்பானிய வீடொன்று. நீண்டு ஒடுங்கிய மேசை. அதன் ஒரே பக்கத்தில் வாப்பா, உம்மா, இரண்டு மகன்மார் வரிசையாக இருந்து சாப்பிடுகிறார்கள், பஸ்ஸின் கடைசி ஆசனத்தில் இருப்பதைப் போல. ஒருவர் முகம் பார்த்து ஒருவர் பேச வழியில்லை. பின்னணி இசையும் இல்லை. உறிஞ்சுவதும் மெல்லுவதும்தான் கேட்கிறது. யொஷிமிட்சு மொரிட்டா 1983இல் எடுத்த 'குடும்ப விளையாட்டு'. மொனராகலையில் கூட்டாளி ஒருவர் தந்த இறுவட்டில் பார்த்தேன். அப்போது என் மகன் ஐந்தாம் ஆண்டுப் புலமைப்பரிசில் பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருந்தான்.

படத்தில் இளைய மகனை நல்ல உயர்நிலைப் பள்ளியில் சேர்த்துவிட வேண்டும். அதற்காக வீட்டுக்கு வரும் டியூஷன் வாத்தியார் (யூசாகு மட்சுடா) ஒரு விசித்திரப் பிறவி. எதைக் குடிக்கக் கொடுத்தாலும் ஒரே மடக்கு. படிக்காவிட்டால் பையனை அறைகிறார். வாப்பாக்காரரோ பிள்ளை முன்னேறினால் மேலதிகப் பணம் என்று பேரம் பேசுகிறார். விழுந்து விழுந்து சிரித்தேன்.

பேரம் என்றதும்தான் சிரிப்பு அடங்கியது. 160 புள்ளி எடுத்தால் சைக்கிள் என்று நானும் சொல்லியிருந்தேன். சனிக்கிழமைகளில் முதல் பஸ்ஸில் பதுளைக்கு வகுப்பு. பசறை வளைவுகளில் பிள்ளை ஷொப்பிங் பைக்குள் வாந்தி எடுப்பான். வாயைத் துடைத்துவிட்டு வாய்ப்பாடு கேட்பேன். "கண் ரெண்டயும் விட்டுட்டு எங்க வேணும்னாலும் அடிங்க சேர்" என்று நான் சொன்னதும், என் வாப்பா ஓதற்பள்ளி லெப்பையிடம் சொன்ன அதே வார்த்தைதான்.

வெள்ளிக்கிழமை என்றால் எங்கள் வீட்டில் பாய் விரித்து ஒரே சஹனில் சாப்பாடு. அந்த வருடம் மகனுக்கு மட்டும் தனிக் கோப்பை. சுவரில் ஒட்டிய நேரசூசியைப் பார்த்தபடி மேசையில் சாப்பிட்டான். ஒழுங்கு செய்தவன் நான். இறைச்சியில் நல்ல துண்டு அவனுக்குப் போவதால் அதைப் பாசம் என்றும் நினைத்திருந்தேன்.

படத்தில் பையன் சித்தியடைகிறான். வெற்றி விருந்தில் ஐவரும் ஒரே பக்கத்தில். வாத்தியார் உணவை வீசத் தொடங்கி, எல்லோரையும் அடித்து வீழ்த்தி, மேசையையும் கவிழ்த்துவிட்டுப் போகிறார். குடும்பம் தரையில் குந்தி, சிதறியதைப் பொறுக்குகிறது. பார்த்து முடித்தும் நான் எதையும் மாற்றவில்லை. பரீட்சைக்கு இரண்டு மாதம்தானே இருந்தது.

என் மகனுக்கு வெட்டுப்புள்ளி எட்டவில்லை. அந்த வெள்ளிக்கிழமை மனைவி ஒன்றும் பேசாமல் பாயை விரித்து, சஹனை நடுவில் வைத்தாள்.

"இங்க வாங்க மகன்" என்றேன்.

பாயை ஒரு தரம் பார்த்தான். தன் கோப்பையை எடுத்துக்கொண்டு மேசைக்கே போனான்.