குறுக்கே நிற்கும் பொதிகை

திருவனந்தபுரம் கிழக்கேகோட்டையில் பஸ்ஸை விட்டு இறங்கி, சாலை என்றே பெயர் கொண்ட கடைத்தெருவுக்குள் கொஞ்ச தூரம் நடந்தால் போதும். மலையாளத்தோடு தமிழும் காதில் விழும். நெல்லைச் சீமையிலிருந்து காய்கறி ஏற்றிவரும் லாரி, ஆரல்வாய்மொழிக் கணவாயைச் சுற்றிக்கொண்டு நாகர்கோவில் வழியாக வந்து சேருகிறது. நேராக வர வழியில்லை. குறுக்கே நிற்பது பொதிகை.

கேரளத்தில் அதன் பெயர் அகஸ்தியர்கூடம். உயரம் 1,868 மீட்டர். பாபநாசத்துக்குப் பின்னால் இருக்கும் மலை என்றே தமிழர்கள் நினைத்துப் பழகியிருக்கிறார்கள். தப்பில்லை. ஆனால் நேர்க்கோட்டில் அளந்தால், சிகரம் திருநெல்வேலியைவிடத் திருவனந்தபுரத்துக்குத்தான் கிட்டே: கிழக்கேகோட்டையிலிருந்து சுமார் 35 கி.மீ.

இரண்டு பருவமழைகளையும் வாங்கிக்கொள்ளும் மலை இது. ஜூனில் அரபிக்கடலிலிருந்து வரும் மேகம் மேற்குச் சரிவில் முட்டிக் கொட்டுகிறது. மலையாளிகள் இடவப்பாதி என்று சொல்லும் இந்த மழையில் திருவனந்தபுரம் நனையும்போது, நெல்லைச் சமவெளிக்குக் கிடைப்பது பெரும்பாலும் காற்றுதான். ஐப்பசியில் முறை மாறுகிறது. வங்கக்கடலிலிருந்து வரும் ஈரம் கிழக்குச் சரிவில் இறங்குகிறது. அப்போது மேற்கிலும் துலாவர்ஷம் உண்டு. தாமிரபரணி வற்றாத நதி என்று பேரெடுத்ததற்கு இதுதான் காரணம். மேற்கே ஓடும் நெய்யாறும் இதே மலையில் பிறந்ததுதான்.

ஏற ஏறக் காடு மாறுகிறது. உச்சியை நெருங்கும்போது மரங்கள் காற்றில் குறுகி, பாசி படர்ந்து, ஆள் உயரத்துக்கு வந்துவிடுகின்றன. அதற்கும் மேலே புல்லும் பாறையும்தான். கீழே நகரம் புழுங்கும் நேரத்தில் இங்கே வெப்பம் 10 டிகிரிக்கு மேல் குறைவாக இருக்கும்.

இந்த உச்சியில் ஒரு காலத்தில் ஆய்வுக்கூடம் இருந்தது என்பது பலருக்குத் தெரியாது. கிழக்கேகோட்டையில் குதிரைமாளிகையைக் கட்டிய அதே சுவாதித் திருநாள் மகாராஜா, 1837-ல் நகரத்தில் ஒரு வானிலைய ஆய்வுக்கூடத்தைத் தொடங்கினார். 1852-ல் அதன் பொறுப்பை ஏற்ற ஸ்காட்லாந்துக்காரர் ஜான் ஆலன் பிரௌன், 1855-ல் பொதிகை மீது இன்னொன்றை அமைத்தார். பூமியின் காந்தப்புலம் நாள்தோறும் அடையும் மாற்றம் உயரத்தால் வேறுபடுகிறதா என்று பார்க்க வேண்டும் என்பது அவர் ஆசை. யானை நடமாடும் காட்டின் வழியாகக் கருவிகளை மேலே சுமந்துபோக வேண்டியிருந்தது. அளவுகளைக் குறித்தவர்களில் உள்ளூர் உதவியாளர்கள் உண்டு. சமவெளி, மலை இரண்டின் கணக்கும் சேர்ந்து 1874-ல் புத்தகமாக வந்தது. அவர் தேடிவந்த இடம் வீண் போகவில்லை. காந்த நடுக்கோட்டுக்கு இத்தனை அருகில் இருப்பதால்தான் 1963-ல் தும்பாவிலிருந்து இந்தியாவின் முதல் ஆய்வு ராக்கெட் கிளம்பியது.

இன்று மேலே போகிறவர்கள் பெரும்பாலும் அகத்தியர் சிலையைக் கும்பிடவும் காட்டைப் பார்க்கவும் போகிறார்கள். மழை ஓய்ந்த ஜனவரியிலிருந்து சில வாரங்கள்தான் அனுமதி. போனக்காட்டிலிருந்து அதிருமலை, அங்கே தங்கி மறுநாள் உச்சி. கடைசிப் பாறைகளில் கயிற்றைப் பிடித்துத்தான் ஏற வேண்டும். பெண்கள் ஏறக் கூடாது என்றிருந்த தடையைக் கேரள உயர் நீதிமன்றம் 2018-ல் நீக்கியது. 2019 ஜனவரியில் கே. தன்யா சனல் ஏறினார். மலையைத் தெய்வத்தின் இருப்பிடமாகக் கருதும் காணிக்காரர்கள் எதிர்ப்பைக் காட்டினார்கள். ஆனால் வழி மறிக்கவில்லை.

இத்தனை கண்ணியம் தண்ணீர் விஷயத்தில் இல்லை. நெய்யாறு அணையின் இடதுகரைக் கால்வாய் விளவங்கோடு வயல்களுக்கும் சேர்த்துத் திட்டமிடப்பட்டது. 1956-ல் மாநிலங்கள் பிரிந்தபோது விளவங்கோடு தமிழ்நாட்டுக்கு வந்தது, அணை கேரளத்தில் நின்றுவிட்டது. 2004-ல் கேரளம் கால்வாய்த் தண்ணீரை நிறுத்தியது. 2012-ல் தமிழ்நாடு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. நெய்யாறு மாநிலங்களுக்கு இடையிலான நதியே அல்ல, முழுக்கத் தங்களுடையது என்பது கேரளத்தின் வாதம். அணை கட்டும்போதே சேர்க்கப்பட்ட வயல்கள் அவை என்பது விளவங்கோட்டு விவசாயிகளின் கணக்கு.