கேமராவுக்குத் தெரியாத வேட்டை

1922-ல் வந்த 'நானூக் ஆஃப் தி நார்த்' பார்த்திருக்கீங்களா? பனியில் ஒரு துளை, அதில் ஈட்டி எறியும் இனுவிட் வேட்டைக்காரர், கயிற்றோடு மல்லுக்கட்டு, கடைசியில் மேலே வரும் சீல். கயிற்றின் மறுமுனையை இழுத்தது திரையில் தெரியாத ஆட்கள். சீல் முன்னாடியே செத்தது. அவங்ககிட்ட அப்பவே துப்பாக்கி இருந்துச்சு. இயக்குநர் ஃபிளாஹர்டிக்கு ஈட்டிதான் வேணும். நடிச்சவர் பெயர்கூட நானூக் இல்லை, அல்லகாரியல்லக்.

பிறகு 1981-ல் சகரையாஸ் குனுக் என்ற இனுவிட் சிற்பி, செதுக்கிய சிற்பங்களை விற்று வீடியோ கேமரா வாங்கினார். அவங்க கதையை அவங்களே எடுத்தாங்க.

அரூர்ல உட்கார்ந்துட்டு டாக்டர் ஏன் சீல் வேட்டை பேசுறார்னு கேட்பீங்க. நம்ம இருளர்களுக்காகத்தான்.

பாம்புத்தோல் ஏற்றுமதிக்குத் தடை வந்து பிழைப்பு போனபின், 1978-ல் வடநெம்மேலியில் அவங்க கூட்டுறவு சங்கம் உருவாச்சு. நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன். பிடிச்சு, சில வாரம் மண்பானையில் வச்சு, விஷம் எடுத்து, வயிற்றுச் செதிலில் அடையாளம் வெட்டி, திரும்பக் காட்டில் விடுவாங்க. அந்த விஷத்தைக் கொஞ்சங்கொஞ்சமாகக் குதிரைக்கு ஏற்றி, அதன் ரத்தத்திலிருந்து எடுப்பதுதான் நாங்க போடும் விஷமுறிவு மருந்து.

வீடியோக்காரங்களுக்குப் படம் எடுக்கும் பாம்பு போதும். நிஜ வேலையில் முக்கால்வாசி நடைதான். வளை வாயில் மண் வழவழன்னு இருக்கா, எச்சம் புதுசா, உரிச்ச சட்டை எந்தப் பக்கம் கிடக்கு. அப்புறம் கடப்பாரை. 2017-ல் வடிவேல் கோபாலும் மாசி சடையனும் ஃபுளோரிடா போய், முதல் இரண்டு வாரத்துக்குள்ளேயே 13 மலைப்பாம்பு பிடிச்சது இந்தக் கண்ணால்தான். 2023-ல் இருவருக்கும் பத்மஸ்ரீ. (எந்த ரீல்ஸ்லயும் அந்த நடை வராது.)

இப்போ என் வார்டுக்கு வாங்க. 19 வயசுப் பையன். மலைப்பாம்புக் குட்டின்னு நினைச்சு கண்ணாடி விரியனைக் கையில் தூக்கியிருக்கான். கண்ணாடிக் குழாயில் 20 நிமிஷம் வச்சும் ரத்தம் உறையல. 10 வயல் போட்டோம், மறுபடியும் போட்டோம், சிறுநீர் குறைஞ்சதும் டயாலிசிஸுக்கு அனுப்பினோம். பிழைச்சுட்டான். கூட்டாளி எடுத்த வீடியோவைக் காட்டினான். 40 விநாடி, பின்னணியில் பாட்டு. கடிச்ச இடத்தை மட்டும் வெட்டியிருந்தாங்க.

கடிபட்டா அந்தக் கையை, காலை அசைக்காம வச்சு 108-ஐக் கூப்பிடுங்க. இறுக்கிக் கட்டாதீங்க, கீறாதீங்க. பாம்பைத் தேடிப் பிடிச்சு எடுத்துட்டு வர வேண்டாம். அந்த நாலுக்கும் ஒரே மருந்துதான்.