அண்ணனும் பரோட்டாவும் மூன்று தலைமுறை எலிகளும்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான் பி.காம். படிக்கிறவன். பத்தாம் வகுப்போடு உயிரியலுக்குக் கும்பிடு போட்டாயிற்று. எலி என்றால் எனக்குத் தெரிந்ததெல்லாம் திருவொற்றியூரில் எங்கள் தெருவில் குடோன், வீடு என்று பேதம் பார்க்காமல் ஓடும் பெருச்சாளிதான். அப்படிப்பட்டவன் பாரீஸ் ஆய்வுக்கூட எலிகளைப் பற்றி எழுத உட்கார்ந்திருக்கிறேன் என்றால், காரணம் என் அண்ணன்.

அண்ணனுக்கு 27 வயது. துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர்களுக்குப் பேப்பர் வேலை பார்க்கும் ஒரு ஆபீசில் இருக்கிறான். போன வருடம் வளைகுடா வேலைக்காக மெடிக்கல் டெஸ்ட் போனபோது சிறுநீரில் புரதம் போகிறது என்று ரிப்போர்ட் வந்தது. வலி இல்லை, வீக்கம் இல்லை, ஒன்றும் இல்லை. பயாப்சி எடுத்துப் பார்த்துவிட்டு ஐ.ஜி.ஏ. நெஃப்ரோபதி என்றார்கள். வளைகுடா கனவு அத்தோடு போயிற்று. தினம் ஒரு பிரஷர் மாத்திரை எழுதிக் கொடுத்தார்கள். அது பிரஷருக்கு மட்டும் இல்லை, சிறுநீரில் புரதம் ஒழுகுவதைக் குறைப்பதற்கும்தான்.

அப்புறம் பெரியம்மா வாட்ஸப்பில் ஒன்று அனுப்பினார். "எலிகளுக்குக் கோதுமையை நிறுத்தினார்கள், கிட்னி நோய் குறைந்தது." அன்றோடு பரோட்டா, சப்பாத்தி, பிஸ்கட் எல்லாவற்றுக்கும் அண்ணன் முழுக்குப் போட்டான். ராத்திரி பரோட்டாவுக்காகவே ராயபுரம் வரை வண்டி ஓட்டுகிறவன்! நல்லதுதானே என்று நானும் சும்மா இருந்தேன். இரண்டு மாதம் கழித்துப் பார்த்தால் மேஜை டிராயரில் மாத்திரை அட்டைகள் பிரிக்காமல் கிடக்கின்றன.

"இன்னாண்ணா இது?" என்றேன்.

"அதான் கோதுமைய விட்டுட்டேனே. மாத்திரை இன்னாத்துக்கு?" என்றான்.

அன்று ராத்திரிதான் நான் அந்த எலியைத் தேடிப் போனேன்.

எனக்குப் புரிந்த அளவில் சொல்கிறேன். ஐ.ஜி.ஏ. என்பது நம் உடம்பின் காவல்காரப் புரதங்களில் ஒன்று. எச்சில், குடல், மூச்சுக்குழாய் என்று வாசல்களில் நிற்பது. மனிதனிடம் இதில் இரண்டு வகை உண்டு. முதல் வகையில் கதவுக் கீல் மாதிரி ஒரு பகுதி, அதில் சர்க்கரைத் துணுக்குகள் தொங்கும். இந்த நோயாளிகளுக்கு அந்தச் சர்க்கரையில் கேலக்டோஸ் என்ற துண்டு குறைகிறது. உடம்பு அதை அந்நியன் என்று நினைத்து அதற்கு எதிராக வேறு புரதங்களை அனுப்புகிறது. இரண்டும் ஒட்டிக்கொண்டு ரத்தத்தில் சுற்றி, கடைசியில் சிறுநீரகத்தின் வடிகட்டிகளில் போய்ப் படிகின்றன. ஒரு சிறுநீரகத்துக்குச் சுமார் 10 லட்சம் வடிகட்டிகள். ஒவ்வொன்றாகத் தழும்பாகிப் போகும். 1968ல் பாரீஸில் பெர்ஜே என்ற மருத்துவர் தன் சக ஆய்வாளர் ஆங்க்லேயுடன் சேர்ந்து இந்த நோயை முதலில் விவரித்தார்.

இப்போது எலிக்கு வருவோம். எலியிடம் ஒரே ஒரு வகை ஐ.ஜி.ஏ.தான் உண்டு. சர்க்கரை தொங்கும் அந்தக் கீல் அதற்குக் கிடையாது. ஐ.ஜி.ஏ.வைப் பிடித்துக்கொள்ளும் சி.டி.89 என்ற ஏற்பியும் கிடையாது. அதாவது அண்ணனுக்கு வந்த நோய் அப்படியே எலிக்கு வரவே முடியாது! அதனால் பாரீஸ் ஆய்வாளர்கள் மனிதனின் இரண்டு மரபணுக்களையும் எலிக்குள் வைத்து ஒரு புது எலியையே உருவாக்கினார்கள். அதற்கு இந்த நோய் வந்தது என்று 2012ல் எழுதினார்கள். 2015ல் வந்த கோதுமை ஆய்வும் இதே எலிகளை வைத்துத்தான்.

அதில் நோய் குறைந்தது உண்மைதான். ஆனால் அந்த எலிகள் மூன்று தலைமுறையாகக் கோதுமைப் புரதமான குளூட்டனே தொடாதவை! எங்கள் அண்ணனோ ஒரே தலைமுறையில் மூன்று தலைமுறைக்கான பரோட்டாவைச் சாப்பிட்டு முடித்தவன் :-) மனிதர்களில் கோதுமையை நிறுத்தியதால் சிறுநீரகம் காப்பாற்றப்பட்டது என்று இதுவரை நிரூபிக்கப்படவில்லை. மாத்திரைக்குப் பதிலாகக் கோதுமையை நிறுத்துங்கள் என்று அந்த ஆய்வு சொல்லவும் இல்லை.

எங்கள் பாடத்தில் ஒன்று சொல்வார்கள். டிரயல் பேலன்ஸ் டேலி ஆகிவிட்டது என்பதற்காகக் கணக்கு சரி என்று அர்த்தமில்லை. ஒரு பில்லை எழுதவே மறந்திருந்தாலும் அது டேலி ஆகும். எலியும் அப்படித்தான். நாம் உள்ளே வைத்ததற்குத்தான் அது பதில் சொல்லும், வைக்காததைப் பற்றிச் சொல்லாது.

அதற்காக எலியை மட்டம் தட்டவும் முடியாது. ஜப்பானில் டி.டி.ஒய். என்று ஒரு எலி வகை உண்டு. அதன் சிறுநீரகத்தில் ஐ.ஜி.ஏ. தானாகவே படிகிறது என்று 1985ல் கண்டுபிடித்தார்கள். அதன் வழிவந்த எலிகளில், ஐ.ஜி.ஏ. உற்பத்தியைத் தூண்டும் ஏப்ரில் என்ற சமிக்ஞையைத் தடுத்துப் பார்த்தார்கள். பலன் இருந்தது என்று 2019ல் ஆய்வு வந்தது. அதே வழியில் சிபெப்ரென்லிமாப் என்ற மருந்தை 155 நோயாளிகளிடம் சோதித்து 2023ல் முடிவு வெளியிட்டார்கள். சிறுநீரில் போகும் புரதம் குறைந்தது. எலி வழி காட்டியது, மனிதர்களிடம் சோதித்த பிறகுதான் நம்பினார்கள்.

என்னை உண்மையில் பயமுறுத்தியது எலி ஆய்வு இல்லை, வேலூர் ஆய்வு. சி.எம்.சி.யில் இந்த நோயுள்ள 201 பேரைச் சேர்த்துப் பல வருடம் பின்தொடர்ந்தார்கள். நம் ஊர்க்காரர்களுக்கு இந்த நோய் வேகமாக முற்றுகிறது என்பது அதில் தெரிந்தது. இது எலிக் கணக்கு இல்லை, நம்ம ஊர்க் கணக்கு. அண்ணனுக்கு இதைத்தான் முதலில் சொன்னேன். கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. அப்புறம், "அப்ப ரெண்டு மாசம் வேஸ்ட்டாடா?" என்றான். எனக்குப் பதில் தெரியவில்லை.

மறுநாள் மருந்துக்கடையில் பிரஷர் பார்த்தோம், ஏறியிருந்தது. அந்த வாரமே டாக்டரிடம் போனோம். திட்டு வாங்கினான், மாத்திரையை மறுபடி ஆரம்பித்திருக்கிறான். அடுத்த டெஸ்ட் அடுத்த மாதம். பரோட்டாவைப் பற்றி டாக்டரிடம் அவனே கேட்டான். அளவாகச் சாப்பிடலாமாம், சால்னாவில் உப்புதான் ஜாஸ்தியாம்.

நண்பர்களே, "எலிகளில் நிரூபணம்" என்று ஏதாவது வந்தால் ஃபார்வர்டு பண்ணுவதற்கு முன்னால், அது எந்த எலி என்று ஒரு வார்த்தை கேளுங்கள். அப்படியே ஒரு யூரின் டெஸ்ட்டும் எடுத்துவிடுங்கள். அண்ணனுக்கும் வலியே இல்லை.