பெயர் சொல்லாத முனி

டிக்கோயாவில் என் இளமைக் காலத்தில் கோடாங்கியின் உடுக்கை ஒலி கேளாத மாதம் அரிது. லயத்தில் எவருக்கேனும் காய்ச்சல் நீடித்தாலும், பிள்ளை நடுநிசியில் அலறி எழுந்தாலும் அவரை அழைத்து வருவார்கள். அவர் முதலில் தொடுக்கும் வினா ஒன்றே: "நீ யாரு? பேயா, காட்டேரியா, மாடனா, முனியா? பேரைச் சொல்லு!" பெயர் வந்துவிட்டால் பாதி வேலை முடிந்தது. ஒவ்வொன்றுக்கும் தனித்தனிப் படையல் உண்டு. தனித்தனி எல்லையும் உண்டு. மந்திரம் என்பது அடிப்படையில் ஒரு வகைப்பாட்டு முறையே என்பதை நான் பிற்காலத்தில்தான் உணர்ந்தேன். இனம் கண்ட பின்னரே விரட்ட இயலும்.

அந்த வகைப்பாட்டுக்கு அடங்காத ஒன்றை நான் என் மாமாவின் படுக்கையருகே கண்டேன்.

மாமா தேயிலை ஸ்டோரில் கொழுந்து அரைக்கும் இயந்திரத்தில் வேலை செய்தவர். ஒரு நாள் இயந்திரம் அவருடைய இரண்டு விரல்களைத் தின்றுவிட்டது. காயம் ஆறிய பின்னும் அவர் இரவுகளில் நடுங்கினார். கோடாங்கி வந்தார், உடுக்கை அடித்தார், கேட்டார். பதில் இல்லை. மூன்று முறை கேட்டும் பெயர் வரவில்லை. அப்போது மூலையில் இருந்த பாட்டி அமைதியாகச் சொன்னாள்: "அது ரோத முனிப்பா. அத வெரட்ட முடியாது. ரோத நின்னா நமக்கும் கஞ்சி இல்ல."

ரோதை என்பது சக்கரம். தொடக்க காலத் தேயிலைத் தொழிற்சாலைகள் பலவற்றை நீர்ச் சக்கரங்களே இயக்கின. தமிழகத்து ஊர்களிலிருந்து மலையேறிய மக்கள் மாரியம்மனையும் முனியாண்டியையும் மாடசாமியையும் உடன் கொண்டு வந்தார்கள். ஆனால் இரும்புச் சக்கரத்துக்கு ஊரில் சாமி இல்லை. ஆகவே அவர்கள் இங்கேயே ஒன்றைப் படைத்தார்கள். கத்தி பிடிக்கும் கவ்வாத்து மலைக்குக் கவ்வாத்துச் சாமி. சுழலும் இயந்திரத்துக்கு ரோதை முனி. இது ஆகமம் அறிந்த தெய்வமன்று. அகால மரணமுற்றவரின் ஆவியுமன்று. காப்பதும் அதுவே, பலி கொள்வதும் அதுவே. உழைப்பு எப்படி இரு முகம் கொண்டிருந்ததோ, அப்படியே அந்த முனியும் இரு முகம் கொண்டிருந்தது.

இதைச் சொல்வதால் நான் மூடநம்பிக்கைக்குப் பரிந்து பேசுகிறேன் என்று நண்பர்கள் எண்ணலாகாது. முனிக்கு அறுத்த கோழி என் மாமாவின் விரல்களை மீட்டுத் தரவில்லை. இயந்திரத்தைச் சுற்றி ஒரு தடுப்புக் கம்பி போடுங்கள் என்று கேட்க வேண்டிய வாய், முனியே பொறுத்துக்கொள் என்று வேண்டிக்கொண்டது. பழி முனியின் மேல் போயிற்று. நட்ட ஈடு எவரிடமிருந்தும் வரவில்லை. எனினும் அந்த மக்கள் பெயரிட முடியாத ஒன்றைத் துரத்தவில்லை. அதற்கும் ஒரு கல் நட்டு, ஓர் இடம் கொடுத்தார்கள் என்பதையும் நான் மறக்க முடியவில்லை.

அவர்களுக்கு எவரேனும் இடம் கொடுத்தார்களா?

1911ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீடு தமிழரை இலங்கைத் தமிழர், இந்தியத் தமிழர் என இரண்டாகப் பிரித்து எண்ணியது. 1948இன் குடியுரிமைச் சட்டம் மலையக மக்களில் மிகப் பெரும்பாலோரை வெளியே நிறுத்திற்று. 1949இன் சட்டத்தின் கீழ் எட்டு லட்சத்துக்கு மேற்பட்டோர் மனுச் செய்தனர். ஏறத்தாழ 1,34,000 பேருக்கே பிரஜாவுரிமை கிடைத்தது. இலங்கை அவர்களை இந்தியர் என்றது. இந்தியா அவர்களைத் தன் பிரஜைகள் என்று ஏற்கவில்லை. கோடாங்கியின் பட்டியலில் இல்லாத முனியைப் போல, இரண்டு அரசுகளின் ஏடுகளிலும் இல்லாத மனிதர்கள் நாள்தோறும் பெரட்டுக்குப் போய்க் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

1964 ஒக்டோபரில் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் ஏற்பட்டது. 9,75,000 பேரில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. எஞ்சிய 1,50,000 பேரைப் பற்றிப் பின்னர் பேசலாம் என்று விட்டுவிட்டார்கள். பத்தாண்டு கழித்து, 1974இல், அவர்களையும் சரிபாதியாக 75,000, 75,000 எனப் பிரித்தார்கள். மந்திரவாதியாவது "நீ யார்?" என்று எதிரே நின்று கேட்டார். இங்கோ கணக்கு முடிந்த பின்னரே மனிதன் அழைக்கப்பட்டான்.

என் அத்தை குடும்பம் அப்படித்தான் கப்பலேறியது. நீலகிரியில், தாயகம் திரும்பியோருக்காகத் தமிழ்நாடு அரசு 1968இல் தொடங்கிய தேயிலைத் தோட்டமொன்றில் அவர்களுக்கு வேலை கிடைத்தது. அத்தையின் முதற் கடிதத்தில் ஒரு வரி இருந்தது: இங்கே எங்களைச் சிலோன்காரர் என்கிறார்கள். டிக்கோயாவில் இந்தியாக்காரி, நீலகிரியில் சிலோன்காரி. ஒரே பெண், ஒரே கூடை, ஒரே கொழுந்து.

நாடற்றவர் என்ற சொல் சட்டப் புத்தகத்திலிருந்து நீங்குவதற்கு 2003இன் குடியுரிமைச் சட்டம் வரை காத்திருக்க நேர்ந்தது. இன்று கையில் அடையாள அட்டை உண்டு, வாக்கும் உண்டு. ஆனால் பலர் இன்னமும் லயங்களிலேயே வாழ்கிறார்கள். தலைமுறைகள் பிறந்து மடிந்த அந்த மண்ணில் அவர்களுக்கென்று ஒரு துண்டு நிலம் இல்லை. பெயர் கிடைத்தது, இடம் கிடைக்கவில்லை.

மாணவர்களுக்கு நான் அடிக்கடி சொல்வதுண்டு: ஒரு பட்டியலில் அடங்காதவன் குறையுள்ளவன் அல்லன், குறை பட்டியலில் இருக்கக்கூடும். யார் அந்தப் பட்டியலை எழுதினார்கள், எதற்காக எழுதினார்கள், யாரை விரட்டுவதற்காக எழுதினார்கள் என்று கேளுங்கள். படிப்பறியாத என் பாட்டி ரோதை முனியை விரட்டாததற்குக் காரணம் பயம் மட்டுமன்று. அந்தச் சக்கரம் தன் உழைப்பாலேயே சுழல்கிறது என்பதை அவள் அறிந்திருந்தாள். அதை அறிந்தவள், சக்கரமும் நிலமும் எவருடையவை என்ற அடுத்த வினாவைக் கேட்கவில்லை. அந்த வினா நமக்காக மிஞ்சியிருக்கிறது.